அங்கிக்குள் ஒரு பாக்கெட்

அளவு எடுக்காமல் ஓர் அங்கி தைத்துத் தர வேண்டும் என்று அப்பாதுரை அண்ணா என் கடைக்கு வந்து நின்றபோது எனக்குச் சுர்ரென்று கோபம் வந்தது.

"அளவெடுக்காம தெக்கிறதுக்கு அது இன்னா தலகாணி உறையாண்ணா?"

"கோச்சுக்காதீங்க டைலரம்மா. அம்மாவைத் தொடக்கூடாது. நீங்க வாசல்ல நின்னு பாத்துட்டு கண்ணளவுல தெச்சுடுங்க."

"தொட்டாத்தான் தெப்பேன். இல்லேன்னா டவுன்ல ரெடிமேட் கடை நிறைய இருக்குது. போய்ப் பாருங்க."

அவர் தலையைச் சொறிந்துகொண்டு நின்றார். நல்ல மனிதர்தான். அதுதான் இந்தக் கதையில் பெரிய தொல்லை. கெட்டவராக இருந்திருந்தால் போலீசுக்காவது போயிருக்கலாம். கடைசியில், கையைக் கழுவிவிட்டுத் தொடலாம் என்று சம்மதித்தார்.

என் பெயர் குர்ஷித் பேகம். அடி அண்ணாமலையில் கிரிவலப் பாதை ஓரமாகத் தையல் கடை வைத்திருக்கிறேன். கொஞ்சம் தள்ளி அப்பாதுரை அண்ணாவின் லாட்ஜ். அந்த லாட்ஜின் முன்னறையில்தான் 'நேபாள மாதா' இருந்தாள். வாசலில் அவள் படம் போட்ட பேனர், அதன் மேல் சீரியல் பல்பு.

எங்கள் ஊரைப் பற்றி ஒன்று சொல்லிவிட வேண்டும். இங்கே ஒருவர் ரோட்டோரம் பேசாமல் உட்கார்ந்திருந்தால், சித்தராக இருக்குமோ என்று நாலு பேர் நின்று பார்ப்பார்கள். வாய்க்கு வந்தபடி திட்டினால் நிச்சயம் சித்தர்தான். கல்லை விட்டெறிந்தால் கேட்கவே வேண்டாம், அடி பட்டவருக்கு அன்றைக்கு யோகம். மற்ற ஊரில் அப்படிப்பட்டவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போவார்கள். எங்கள் ஊரில் பின்னாலேயே போவார்கள். இதை நான் கிண்டலாகச் சொல்லவில்லை. சரி, கொஞ்சம் கிண்டல்தான்.

அந்த மாதா அதே லாட்ஜில் அறை பெருக்கிக்கொண்டிருந்தவள். பெயர் சானுமாயா. நேபாளத்து மலைக்காரி, தமாங் ஜாதி. புருஷன் இங்கே வெளிநாட்டுக்காரர்கள் வரும் ஒரு ஓட்டலில் மோமோ போட்டுக்கொண்டிருந்தான். கொரோனாவில் போய்விட்டான். ஒரு பௌர்ணமியன்று இவள் மொட்டை மாடியில் தன் ஊர் மேளத்தை அடித்து, உடம்பு நடுங்க ஆடியிருக்கிறாள். ஆந்திராவிலிருந்து கிரிவலம் வந்த ஒரு பெண் பார்த்துவிட்டுக் காலில் விழ, லாட்ஜில் இருந்தவர்களும் விழுந்து, மேளத்தை வாங்கிப் பத்திரமாக வைத்துவிட்டார்கள். அடுத்த வருஷம் அந்த ஆந்திராப் பெண் கையில் குழந்தையோடு வந்தாள். அவ்வளவுதான், துடைப்பத்தை வாங்கி வைத்துவிட்டு இவளை நாற்காலியில் உட்கார வைத்துவிட்டார்கள்.

நான் போனபோது அந்த அறைக்கு வெளிப்பக்கம் பூட்டு இருந்தது. "கூட்டம் ஜாஸ்திம்மா, பாதுகாப்புக்கு" என்றார் அப்பாதுரை அண்ணா. உள்ளே குளுகுளுவென்று ஏசி, சாமந்தி மாலைகள், ஊதுவத்திப் புகை. மூலையில் ஒரு கண்ணாடிப் பெட்டி. அதற்குள் இரண்டு பக்கமும் தோல் கட்டிய மேளம், கீழே செதுக்கு வேலை செய்த மரக் கைப்பிடி. தோல் முழுக்கச் சந்தனமும் குங்குமமும் அப்பியிருந்தார்கள். அந்தப் பெட்டிக்கும் ஒரு பூட்டு.

நாற்காலியில் இருந்தவளுக்கு நாற்பது வயது இருக்கும். தரை துடைத்துக் காய்த்துப்போன கை. நான் தோளில் டேப்பை வைத்து, எங்கள் வீட்டு உருதுவில், "பாவம், இவளை டீ குடிக்கவாவது வெளியே விடறாங்களோ இல்லையோ" என்று எனக்கு நானே முணுமுணுத்தேன். சட்டென்று அவள் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"தீதி," என்றாள் உடைந்த இந்தியில். தீதி என்றால் அக்கா. "இதுல பாக்கெட் வெப்பீங்களா? உள்பக்கமா. முழங்கை நீளத்துக்கு."

வாசலில் நின்ற அப்பாதுரை அண்ணா உள்ளே ஓடி வந்தார். அம்மா வாயைத் திறந்து மாதக் கணக்காகிவிட்டதாம். "இன்னா சொன்னாங்க? டைலரம்மா, இன்னா சொன்னாங்க?"

"பாக்கெட் வேணுமாம்."

"பாக்கெட்டா?" அவர் கண்ணை மூடி யோசித்தார். "அதுக்கு உள்ளர்த்தம் ஏதாச்சும் இருக்கும்."

"உள்ளர்த்தம் ஒண்ணும் இல்லண்ணா. உள்பக்கம் வேணுமாம், அவ்ளோதான்."

அன்றிலிருந்து அம்மாவின் பாஷை தெரிந்தவள் நான்தான் என்று ஆகிவிட்டது. துணி சரிபார்க்க, கை நீளம் சரிபார்க்க என்று ஏதாவது சாக்குச் சொல்லிக்கொண்டு அடிக்கடி போவேன். அவள் இந்தியும் என் உருதுவும் இடித்துக்கொண்டும் முட்டிக்கொண்டும் ஒருவழியாகப் பேசிக்கொள்ளும். அவள் சொன்னதை என் தமிழில் சொல்கிறேன்.

"நான் மாதாவும் இல்ல, ஒண்ணும் இல்ல. எங்க ஊர்ல என்னை போம்போன்னு சொல்வாங்க. யாராச்சும் பயந்து போய் உடம்பு இளைச்சு சோறு இறங்காம கெடந்தா, அவங்க உசுருல ஒரு பங்கு எங்கேயோ வழி தப்பிப் போயிருச்சுன்னு அர்த்தம். நான் மேளத்தை அடிச்சுக்கிட்டே தேடிப் போவேன். பாறை, ஓடை, சுடுகாடுன்னு ஒவ்வொரு இடமா பேர் சொல்லிக் கூப்பிடுவேன். கெடச்சா கூட்டிட்டு வந்து அந்த ஆளுக்குள்ள விட்டுடுவேன். முடிஞ்சதும் கோழிச் சோறு தின்னுட்டு, மறுநாள் களை எடுக்கப் போயிடுவேன். பொம்பளைங்க இதைச் செய்யறது எங்க பக்கமும் கம்மிதான். தாத்தா செத்ததும் அவரு என் மேல வந்துட்டாரு, அவரு மேளமும் என்கிட்ட வந்துடுச்சு. நானா கேட்டு வாங்கல."

"அப்போ மாடியில ஆடினது?"

"ஆவணிப் பௌர்ணமிக்கு எங்க ஆளுங்க எல்லாம் மேளத்தோட மலை மேல இருக்கற ஏரிக்கு ஏறிப் போவாங்க. என்னால போக முடியல. மாடிக்காச்சும் ஏறினேன்." அவள் கண்ணாடிப் பெட்டியைப் பார்த்தாள். "தாத்தாவைக் கூப்பிட்டேன், மலை தெய்வங்களைக் கூப்பிட்டேன், வந்தாங்க. வந்தவங்களை முடிவுல ஒரு அடி அடிச்சு மரியாதையா அனுப்பி வைக்கணும். அதுக்குள்ள எல்லாரும் கால்ல விழுந்து மேளத்தை வாங்கிட்டாங்க. இன்னும் அனுப்பல, தீதி. எல்லாரும் என் தோள் மேலேயே நிக்கிறாங்க. தூங்க முடியல."

எனக்கு இந்த விஷயத்தில் எல்லாம் நம்பிக்கை உண்டா என்று கேட்டால் பதில் சொல்ல மாட்டேன். ஆனால் அவள் தோள் உண்மையிலேயே ஒரு பக்கம் இறங்கியிருந்தது. டேப் பிடித்த கைக்கு அது தெரியும்.

தப்பித்துப் போகலாம் என்று அவள் முயலாமல் இல்லை. ஒருநாள் பூட்டாத நேரம் பார்த்து பஸ் ஸ்டாண்டுக்கே போய்விட்டாள். கண்டக்டர் அடையாளம் கண்டு காலில் விழுந்தார். பஸ்ஸே இறங்கி விழுந்தது. மேளதாளத்தோடு திரும்பக் கொண்டுவந்து விட்டார்கள். இன்னொரு நாள் ஆத்திரம் பொறுக்காமல் ஒருவர் மேல் செருப்பை வீசினாள். அவர் அந்தச் செருப்பைக் கண்ணில் ஒற்றி வீட்டுக்கு எடுத்துப் போய்ப் பூஜை அறையில் வைத்துவிட்டார். "வீட்டுக்கு விடுங்கடா" என்று அவள் பாஷையில் கத்தினால் கூட்டம் அழுதுகொண்டே கும்பிட்டது. நடக்கவாவது விடுங்கள் என்று கையால் கேட்டபோது கிரிவலப் பாதையில் நடக்க விட்டார்கள். அந்தப் பாதையின் லட்சணம்தான் தெரியுமே, எவ்வளவு வேகமாக நடந்தாலும் மலையைச் சுற்றிப் புறப்பட்ட இடத்துக்கே கொண்டுவந்து விடும். பின்னால் இருநூறு பேர் வேறு.

"போன உசுரைத் திரும்பக் கூட்டிட்டு வர்றது என் வேலை," என்றாள் ஒருநாள். "என்னைக் கூட்டிட்டுப் போக ஆள் இல்ல."

அம்மாவுக்கு இடைஞ்சல் என்று அவள் போனை அப்பாதுரை அண்ணா பீரோவில் வைத்துவிட்டிருந்தார். ஊரில் அவள் அண்ணன் வீட்டில் மெந்தோ என்று ஒரே மகள், பத்தாவது படிக்கிறவள். நான் என் போனில் கூப்பிட்டுக் கொடுத்தேன். பேசப் பேச சானுமாயாவின் முகம் வெளுத்துக்கொண்டே போனது. போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு விஷயத்தைச் சொன்னாள்.

மெந்தோவுக்கு நடுக்கம் வந்துவிட்டதாம். சோறு தின்பதில்லை, காட்டுக்குள் ஓடிப்போய்க் கிடக்கிறாள் என்று மாட்டுக்கொட்டகையில் கயிற்றால் கட்டி வைத்திருக்கிறார்கள். பைத்தியம் என்று காட்மாண்டுவில் எங்கேயோ கொண்டுபோய்ச் சேர்க்கப் பேச்சு நடக்கிறதாம்.

"அது பைத்தியம் இல்ல தீதி. எனக்கும் இப்படித்தான் வந்துச்சு. யாரோ அவ மேல வந்திருக்காங்க. எதிர்ல ஒரு போம்போ உக்காந்து, நீ யாரு, எதுக்கு வந்தேன்னு கேட்டுக் கேட்டு பேரை வரவழைக்கணும். பேர் தெரிஞ்சுட்டா அடங்கிடும். கேக்க ஆள் இல்லேன்னா அது அவளைத் தின்னுடும். எங்க ஊர்ல இருந்த வேற போம்போ போன மழைக்குச் செத்துட்டாரு."

தாய் இங்கே மாலைக்குள், மகள் அங்கே கயிற்றுக்குள். நேராக அப்பாதுரை அண்ணாவிடம் போய் எல்லாவற்றையும் போட்டு உடைத்தேன். அவர் கண் கலங்கிக் கேட்டுக்கொண்டார். யோசித்துச் சொல்கிறேன் என்றார். எனக்கு நிம்மதியாக இருந்தது.

மறுவாரம் கடைக்கு வந்தார். கையில் அம்மா அங்கிக்குக் கொடுத்த அதே காவித் துணி, ஆனால் அளவில் கம்மி.

"சின்ன சைஸ்ல ஒண்ணு தெச்சுடுங்க டைலரம்மா. பொண்ணுக்கும் அருள் வந்திருக்குதாமே! அம்மா எதுக்கு ஊருக்கு அலையணும்? வர்ற பௌர்ணமிக்கு பக்தர்கள் கிட்ட சொல்லிட்டு, ஆள் அனுப்பி சின்ன மாதாவை இங்கேயே கூட்டியாந்துடறேன். பக்கத்து ரூமுக்கு ஏசி சொல்லிட்டேன்."

நான் துணியை வாங்கி மேசையில் வைத்தேன். அவர் போனதும் கத்தரிக்கோலை எடுக்கவே கை வரவில்லை. அவள் தோளில் தெய்வங்கள் நிற்பதாகச் சொன்னாளே, எனக்கு அந்தத் துணியே அவ்வளவு கனமாக இருந்தது.

அப்போது பச்சையம்மாள் ப்ளவுஸ் வாங்க வந்தாள். லாட்ஜ் வாசலில் பூ கட்டி விற்பவள். ஆடி மாசம் தவறாமல் அவள் மேல் மாரியம்மன் வரும். ஊரே குறி கேட்கும். மறுநாள் காலையில் அவளே அரும்பு விலைக்குச் சண்டை போட்டுக்கொண்டிருப்பாள். அவளிடம் என் ஆத்திரத்தையெல்லாம் கொட்டினேன். தோளில் நிற்கிறவர்களை அனுப்பவில்லை என்று சொன்ன இடத்தில் அவள் வாயைப் பிளந்தாள்.

"இன்னாது? மலையேத்தவே இல்லையா?"

சாமி வந்து ஆடியவர் மேலிருந்து சாமி இறங்கிப் போவதை எங்கள் பக்கம் மலையேறுவது என்பார்கள். திருநீறு போட்டு, கற்பூரம் காட்டி, போய் வா தாயே என்று அனுப்பி வைப்பார்கள். அதற்கப்புறம் ஆடினவரை யாரும் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள்.

"அடப்பாவிங்களா! அவ சித்தரும் இல்ல, மாதாவும் இல்ல. என்னாட்டம் சாமியாடி. ஆடி முடிச்சவளை மலையேத்தாம வருஷக் கணக்கா உக்கார வெச்சா எவ உடம்பு தாங்கும்? எனக்கு ஒரு மணி நேரத்துக்கே இடுப்பு போயிடுது." பச்சையம்மாள் முந்தானையை இழுத்துச் செருகினாள். "பௌர்ணமிக்கு வரேன். நீ அவகிட்ட சொல்லி வை."

"இதெல்லாம் நமக்கு எதுக்கு?" என்று என் வீட்டுக்காரர் கலீல் ரஹ்மான் கேட்டார். "தைக்கக் கொடுத்தாங்க, தைக்கிறேன்" என்றேன். அந்தச் சின்ன அங்கியை மட்டும் கடைசி வரை வெட்டவில்லை.

பௌர்ணமியன்று பொழுது சாய்வதற்கு முன்பே லாட்ஜ் முற்றம் நிறைந்துவிட்டது. சானுமாயா என் புது அங்கியில் வந்து நின்றாள். அப்பாதுரை அண்ணா மைக்கைப் பிடித்து, சின்ன மாதா வரப்போகும் நல்ல செய்தியைச் சொல்ல வாயெடுத்தார். அதற்குள் சானுமாயா முன்னறைக்குள் இருந்த கண்ணாடிப் பெட்டியைக் காட்டி ஒரு வார்த்தை சொன்னாள்.

"மேளம் வேணுமாம்," என்றேன்.

இத்தனை பேர் முன்னால் மாட்டேன் என்று அவரால் சொல்ல முடியுமா? பெட்டியைத் திறந்தார். அவள் மேளத்தை வாங்கி, தோளில் இருந்த சால்வையாலேயே சந்தனத்தைத் துடைத்தாள். பிறகு அங்கிக்குள் கையை விட்டு, வளைந்த பிரம்புக் குச்சி ஒன்றை உருவினாள். மேளத்தைப் பூட்டினவர்கள் குச்சியைக் கவனிக்கவில்லை. இத்தனை காலம் அவள் அதை மெத்தைக்கு அடியில் வைத்துக் காப்பாற்றியிருக்கிறாள்.

"வெறுங்கையில வரவழைச்சுட்டாங்க!" என்று ஒரு கிழவர் அலறினார். கூட்டம் முழுக்கக் கை குவிந்தது. என் பாக்கெட்டைப் பற்றி எவனாவது நினைத்தானா?

அவள் அடிக்கத் தொடங்கியதும் எனக்குக் கிண்டல் எல்லாம் ஓடிப்போய்விட்டது. முதலில் மெல்ல, பிறகு முற்றமே அதிரும்படி. பாதத்தில் தொடங்கிய நடுக்கம் முதுகில் ஏறி, தோளில் ஏறி, கழுத்து மாலைகள் அறுந்து சிதறின. கண் எங்கேயோ போய்விட்டது. எனக்குப் பயமாக இருந்தது, மறைக்க என்ன இருக்கிறது. நடுவில் அவள் இந்தியில் ஏதோ கூவினாள்.

"இன்னா சொல்றாங்க?" என்று அப்பாதுரை அண்ணா மைக்கை என் வாயருகில் நீட்டினார்.

உள்ளதை உள்ளபடி சொன்னேன். "என்னை விடுங்க, என் புள்ளைக்கு உடம்பு சரியில்ல, நான் போகணும்னு சொல்றாங்க."

"நம்மளைத்தான் புள்ளைன்றாங்க! நம்ம நோவைத் தீர்க்க வராங்க!" என்று ஒரு பெண் கதறினாள். முற்றம் மொத்தமும் அவளோடு சேர்ந்து அழுதது. இந்த ஜனங்களிடம் உண்மையைச் சொல்லியும் பிரயோஜனம் இல்லை, கத்தியும் பிரயோஜனம் இல்லை என்று அப்போது புரிந்தது.

அப்போதுதான் பச்சையம்மாள் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தாள். ஒரு கையில் கற்பூரத் தட்டு, மறு கையில் திருநீறு.

"தள்ளுங்க எல்லாரும்! வந்த தாயை மலையேத்தி அனுப்பத் துப்பில்ல, கால்ல மட்டும் உழறீங்க." அவள் சானுமாயாவுக்கு நேர் எதிரே போய் நின்றாள். "தாயே, வந்த காரியம் முடிஞ்சுதா? உன் எடத்துக்குப் போறியா? கேளு குர்ஷித்."

நான் இந்தியில் கேட்டேன். சானுமாயாவின் கண் எங்கிருந்தோ திரும்பி வந்து என் மேல் நின்றது.

"போறோம்," என்றாள். குரல் அவளுடையது மாதிரி இல்லை. "எல்லாரும் போறோம்."

அதை நான் மைக்கில் சொன்னேன். அதற்கு மட்டும் யாரும் உள்ளர்த்தம் கண்டுபிடிக்கவில்லை. இது அவர்களுக்குத் தெரிந்த கேள்வி, தெரிந்த பதில். பிறந்ததிலிருந்து கோயில் திருவிழாவில் கேட்டு வளர்ந்தது. அவள் மேளத்தை வடக்கு நோக்கி உயர்த்தி, விட்டு விட்டு வேறு மாதிரி ஓர் அடி அடித்தாள். வீட்டுக்கு வந்தவர்களை வாசல் வரை கொண்டுபோய் விடுகிற மாதிரி இருந்தது. அடி குறைந்துகொண்டே வந்து நின்றது. பச்சையம்மாள் நெற்றி நிறையத் திருநீறு பூசினாள். சானுமாயா தொப்பென்று தரையில் உட்கார்ந்தாள்.

"தண்ணி," என்றாள் தமிழில். சொம்பு நிறையக் குடித்துவிட்டு, சோறு இருக்கிறதா என்று கேட்டாள்.

ஜனங்கள் அவளைப் பார்த்தார்கள். வியர்த்து, மூச்சு வாங்கி, சோறு கேட்கும் ஒரு பொம்பளை. பார்வை மெல்ல அவளை விட்டு நகர்ந்து தரையில் கிடந்த மேளத்தின் மேல் போனது. அப்பாதுரை அண்ணா அழுதுகொண்டே அதை இரண்டு கையாலும் தூக்கினார். "அம்மா இதுல தங்கிட்டாங்க," என்றார். அவர் நடிக்கவில்லை. மேளம் கண்ணாடிப் பெட்டிக்குள் போனது, கூட்டமும் அதன் பின்னாலேயே போனது.

"உன் தாத்தா மேளம்டீ! நான் போய்க் கேக்கறேன்," என்று எழுந்தேன்.

அவள் என் கையைப் பிடித்து இழுத்தாள். அவள் முகத்தில் இருந்த வலியை என்னால் பார்க்க முடியவில்லை. "வேணாம் தீதி. அதை எடுத்தா பின்னாடியே வருவாங்க. எனக்கு என் பொண்ணு போதும்." அங்கியைத் தடவிப் பார்த்துக்கொண்டாள். குச்சி பாக்கெட்டுக்குள் திரும்பிப் போயிருந்தது.

பச்சையம்மாளின் பழைய புடவையைக் கட்டிக்கொண்டு, அங்கியைச் சுருட்டிப் பையில் வைத்துக்கொண்டு அவள் எங்களோடு வாசல் வழியாகத்தான் வெளியே வந்தாள். பேனருக்கு அடியிலேயே நடந்தாள். ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. சென்னை பஸ்ஸில் ஏற்றிவிட்டோம், அங்கிருந்து கோரக்பூர் ரயில்.

நேற்றுதான் போன் வந்தது. ஆட்டுத்தோல் வாங்கிப் புது மேளம் கட்டக் கொடுத்திருக்கிறாளாம். அதுவரை பொறுக்க முடியாமல் அந்தக் குச்சியால் ஒரு தகர மூடியையே அடித்து, மகள் எதிரே உட்கார்ந்து கேட்டுக் கேட்டுப் பேரை வாங்கிவிட்டாள். வந்தது அதே தாத்தாதானாம். கயிற்றை அவிழ்த்தாகிவிட்டது. மெந்தோ சோறு தின்கிறாள், பள்ளிக்கூடம் போக மாட்டேன் என்று அடம் பிடிக்கிறாள்.

பிறகு என் கதையைச் சொன்னேன். அந்தப் பௌர்ணமிக்கு அப்புறம் கடைக்குத் தைக்கத் துணி எதுவும் கொண்டுவராமல் ஆட்கள் வருகிறார்கள். அம்மா சொன்னதெல்லாம் இந்தம்மா வாயில்தானே வந்தது என்று எதிரே உட்கார்ந்துகொள்கிறார்கள். சித்தூர்க்காரர் ஒருவர் எழுந்து போகாமல் அழிச்சாட்டியம் செய்ததற்கு ஸ்கேலால் தோளில் ஒன்று வைத்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு மறு தோளையும் காட்டினார். மறுநாள் அவர் மச்சினரும் வந்தார். முதலில் விழுந்து விழுந்து சிரித்த என் வீட்டுக்காரர், தையல் மெஷினுக்கு யாரோ சாமந்தி மாலை போட்டிருப்பதைப் பார்த்ததும் சிரிப்பதை நிறுத்திவிட்டார். இப்போது கடைக் கதவை உள்பக்கம் தாழ் போட்டுக்கொண்டுதான் தைக்கிறேன். காலையில் அப்பாதுரை அண்ணா வந்து ஜன்னல் வழியாகக் கை கூப்பினார். முன்னறை சும்மாதான் கிடக்கிறதாம். "பௌர்ணமிக்கு மட்டும் வந்து உக்காந்தா போதும் டைலரம்மா."

சானுமாயா போனில் சிரித்தாள், மூச்சு வாங்கும் வரைக்கும் சிரித்தாள். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

"தீதி," என்றாள். "உன் துணியில ஒரு பாக்கெட் வெச்சுத் தெச்சுக்க. ஆழமா."